எங்கள் வாசலில் நின்ற தள்ளுவண்டி

மலாயாவை ஜப்பான்காரன் பிடித்து ஆண்ட காலத்தைப் பற்றிப் பேச்செடுத்தால் நம் வயதுக்காரர்கள் எல்லாரும் முதலில் மரவள்ளிக்கிழங்கைத்தான் திட்டுவோம். அவித்த கிழங்கு, அரைத்த கிழங்கு, கிழங்கு மாவில் ரொட்டி என்ற பெயரில் ஒரு கல். நானும் உங்களோடு சேர்ந்து திட்டியிருக்கிறேன். கிழங்கைத் திட்டுவது சுலபம். அதற்குச் சொந்தக்காரர்கள் கிடையாது, யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள். ஜப்பான்காரனைத் திட்டுவதும் இப்போது அப்படித்தான். நான் சொல்ல வருவது அந்த இரண்டையும் பற்றியல்ல. எங்கள் வீட்டைப் பற்றி.

சம்பந்தப்பட்டவர்கள் ஒருவரும் இப்போது உயிரோடு இல்லை. பேசாமல் விட்டிருக்கலாம். ஆனால் போன மாதம் ஒரு கல்யாண வீட்டில் என் தம்பி மகன், சாப்பிட்ட கையைக்கூடக் கழுவாமல், நாலு பேரை உட்கார வைத்து எங்கள் அத்தையின் கதையைச் சொல்லிக்கொண்டிருந்தான். எங்கள் அப்பா சொல்லிக்கொடுத்தபடியே, ஓர் எழுத்து மாறாமல். கேட்டவர்கள் உச்சுக் கொட்டினார்கள். எனக்கு எதிரே இருந்த பாயசம் அப்படியே ஆறிப்போனது.

மலாக்காவில் எங்கள் வீடு காஜா பேராங் சாலையில் இருந்தது. பலகை வீடு, தகரக் கூரை. எதிரே ஒரு செட்டி குடும்பம். மலாக்காச் செட்டிகளைத் தெரியும் அல்லவா? நெற்றியில் விபூதி, கோயில் திருவிழாவில் முதல் ஆளாக நிற்பார்கள், வீட்டில் பேசுவது மலாய். அந்த வீட்டு அம்மாளும் நாங்களும் சிரிப்பாலும் சைகையாலும்தான் பேசிக்கொள்வோம். அம்மாவுக்கு மலாய் பாசாரில் விலை கேட்கும் அளவுக்குத்தான் வரும்.

அத்தை என்றால் அப்பாவின் அக்கா. குருபோங் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் தாயும் தகப்பனும் அடுத்தடுத்துக் காய்ச்சலில் போனபோது, நடக்கத் தெரிந்தும் நடக்க மாட்டேன் என்று அழுத தம்பியை இடுப்பில் தூக்கிக்கொண்டு டவுனுக்கு நடந்தே வந்தவள். இடியாப்பம் பிழிந்து, தட்டில் அடுக்கித் தெருத்தெருவாக விற்று, அந்தத் தம்பியைப் படிக்க வைத்து, ஒரு ஜவுளிக் கடையில் வேலைக்குச் சேர்த்து, கல்யாணமும் செய்து வைத்தாள். அவள் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. யாரும் அதைப் பற்றிக் கேட்டதாகவும் எனக்கு நினைவில்லை. உரலை அழுத்தி அழுத்தி அவள் முன்கைகள் ஆண்பிள்ளையின் கைகள் மாதிரி இருக்கும். எனக்குத் தலை பின்னினால் கண்ணில் நீர் வந்துவிடும்.

ஜப்பான்காரன் வந்தபின் ஜவுளிக் கடையில் துணி இல்லை. அப்பா விறகு வெட்டி விற்றார். இடியாப்ப உரல் ஒரு பொட்டலம் உப்புக்குப் போனது. அத்தைக்குக் கண்ணில் பூ விழுந்தது. கால் இரண்டிலும் புண். அந்தக் காலத்துப் புண், உங்களுக்குத் தெரியும், ஆறவே ஆறாது. என் தம்பி அப்போது கைக்குழந்தை. வயிறு மட்டும் பானை மாதிரி, கைகால் குச்சி. அம்மாவுக்குப் பால் வற்றிவிட்டது. அம்மாவும் அத்தையும் எதற்கெடுத்தாலும் சண்டை போட்டார்கள். கஞ்சியில் யாருக்குக் கெட்டி, யாருக்குத் தண்ணீர் என்பதுதான் எல்லாச் சண்டைக்கும் அடியில் இருந்தது. ஆனால் ஒருத்தியும் அதை வாய்விட்டுச் சொன்னதில்லை.

வீட்டிலிருந்து கொஞ்ச தூரத்தில், தென்னந்தோப்புக்கு நடுவே, கன்னியாஸ்திரிகள் நடத்திய இல்லம் ஒன்று இருந்தது. கிழவர் மடம் என்போம். யாருமற்ற கிழவர் கிழவிகளை, சீனர், தமிழர், யுரேஷியர் என்று பாராமல் வைத்துப் பராமரித்தார்கள். அந்த மடத்துக்காகத் தெருத்தெருவாய்ப் பிச்சை கேட்டு வருபவரைக் கூடை சிஸ்டர் என்று கூப்பிடுவோம். காரைக்கால் பக்கத்துத் தமிழ்ப் பெண். நெட்டையான உருவம், வெள்ளை அங்கி, கையில் ரொத்தான் பிரம்பில் பின்னிய பெரிய கூடை. வாரம் ஒருமுறை ஒவ்வொரு வாசலிலும் நிற்பார். யாரும் கொடுக்காவிட்டாலும் "நல்லா இருங்க" என்று சொல்லிவிட்டுத்தான் நகருவார். ஜப்பான் சண்டைக்கு முந்திய நல்ல காலத்தில் எங்கள் வீட்டில் அவருக்கு அரிசி போட்டது அத்தைதான். போடும்போதே, "எங்க சாமியை விட்டுட்டு உங்க சாமிக்குப் போடுறேன், கணக்கு வச்சுக்கச் சொல்லுங்க" என்பாள். சிஸ்டர் சிரிப்பார்.

ஒருநாள் அப்பா வீட்டுக்கு வந்து, மடத்தில் வெள்ளைக்காரன் வைத்துவிட்டுப் போன அரிசி மூட்டை மூட்டையாக இருப்பதாகச் சொன்னார். தெருவில் எல்லாரும் அப்படித்தான் பேசிக்கொண்டார்கள். அவர் உண்மையாகவே நம்பினாரா, நம்ப விரும்பினாரா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

"கொஞ்ச நாளைக்குத்தான் அக்கா" என்றார். "அங்க மருந்து இருக்கு, சோறு இருக்கு. ஆனா யாருமில்லேன்னு சொன்னாத்தான் சேர்த்துக்குவாங்க."

"சொல்லிட்டாப் போச்சு" என்றாள் அத்தை. "சொல்றதுக்கு வாயா வலிக்கப் போவுது?"

கண் தெரியாதவளுக்குக் கை கொடுக்க என்னையும் கூட்டிப் போனார். மடத்து வராந்தாவில் பினாயில் வாடையும் வேப்பெண்ணெய் வாடையும் கலந்து அடித்தது. தலைமை மதர் வெள்ளைக்காரக் கிழவி. பிரெஞ்சுக்காரி என்பதால் ஜப்பான்காரன் சிறையில் போடாமல் விட்டிருந்தான். அவருக்குத் தமிழ் தெரியாது. பக்கத்தில் நின்று மொழிபெயர்த்தவர் கூடை சிஸ்டர்.

அப்பா அவரைப் பார்த்ததும் ஒரு நொடி தடுமாறினார். பிறகு, "இவங்க பாசார்லே கிடந்தாங்க சிஸ்டர். யாருமில்லே போல. பாவமா இருந்துச்சு, கூட்டியாந்தேன்" என்றார்.

சிஸ்டர் அத்தையைப் பார்த்தார். அப்பாவைப் பார்த்தார். அத்தையின் விரலைப் பிடித்துக்கொண்டிருந்த என்னையும் பார்த்தார். எத்தனை வாரம் அந்தக் கையிலிருந்து அரிசி வாங்கியிருப்பார்!

"ரேஷன் அட்டை இருக்குங்களா?" என்று மட்டும் கேட்டார்.

"யாருமில்லாதவங்களுக்கு அட்டை ஏது சிஸ்டர்?"

அட்டை எங்கள் வீட்டுத் தகரப் பெட்டியில் இருந்தது.

சிஸ்டர் அந்தப் பொய்யை அப்படியே மதரிடம் அவர்கள் மொழியில் சொன்னார். மதர் நாற்காலியை விட்டு எழுந்து வந்து, தானே அத்தையின் தோளை அணைத்து உள்ளே கூட்டிக்கொண்டு போனார். அத்தை திரும்பிப் பார்க்கவில்லை. பார்த்தாலும் அவளுக்குத் தெரிந்திருக்காது.

வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அப்பா அழுதார். அதையும் சொல்லத்தான் வேண்டும்.

தெருவில், அத்தை செமாபோக்கில் சொந்தக்காரர் வீட்டுக்குப் போயிருப்பதாக அம்மா சொன்னாள். எங்களுக்கு செமாபோக்கில் யாரும் இல்லை என்பது தெருவுக்கே தெரியும். தெரியாததுபோல இருப்பதுதான் அப்போதைய மரியாதை. ஒவ்வொரு வீட்டிலும் இப்படி ஒரு செமாபோக் இருந்தது.

அத்தையின் அட்டைக்கு வந்த அரிசி தொடர்ந்து எங்கள் வீட்டுக்கே வந்தது. அதில் தம்பிக்குத் தனியாகக் கஞ்சி வைத்தார்கள். அவன் பிழைத்தான். கல்யாண வீட்டில் கதை சொன்னானே, அவனுடைய தகப்பன்.

நான் கீரை பறிக்கப் போகிறேன் என்று சொல்லிவிட்டு மடத்து வேலிப்பக்கம் போவேன். அத்தை வராந்தா ஓரத்தில் உட்கார்ந்திருப்பாள். என் காலடிச் சத்தத்திலேயே தெரிந்துகொள்வாள். ஆனால் ஊருக்கெல்லாம் கேட்கும்படி, "யாரு பாப்பா நீ? யாரு வீட்டுப் புள்ள?" என்று கத்துவாள். கத்திக்கொண்டே வேலி இடுக்கில் கையை விட்டு என் முகத்தை, கழுத்தை, விலா எலும்பை எல்லாம் தடவிப் பார்ப்பாள். பிறகு குரலைத் தாழ்த்தி, "குழந்தைக்குக் கஞ்சி கெட்டியாக் குடுக்கிறாங்களா?" என்பாள். கொடுக்கிறார்கள் என்றால் முகம் மலரும். முந்தானை முடிச்சில் இருந்து அவித்த கிழங்குத் துண்டு ஒன்றை எடுத்து என் வாயில் திணிப்பாள்.

அங்கே அரிசி மூட்டை எதுவும் இல்லை. அது எனக்கு ஒரு வாரத்திலேயே தெரிந்துவிட்டது. கிழவர்களுக்கு முதலில் ஊற்றுவார்கள். பிறகு சிஸ்டர்மார் பானையைச் சுரண்டிச் சாப்பிடுவார்கள். சில நாள் சுரண்டும் சத்தம் மட்டும் கேட்கும். சப்பாத்து தேய்ந்துபோய் எல்லாரும் கட்டைச் செருப்பில் நடந்தார்கள். மருந்து தீர்ந்திருந்தது. வெள்ளைக்கார மதர் கொய்யா இலை கொதித்த தண்ணீரில் அத்தையின் புண்ணைக் கழுவிக் கட்டுவார். கட்டுத்துணி எது தெரியுமா? அவர்களுடைய அங்கியின் கீழ்ப்பாகம். மாதம் போகப்போக அங்கிகள் கணுக்கால் வரை ஏறின, அப்புறம் அதற்கும் மேலே ஏறின.

"முதல்லே கூச்சமா இருந்துச்சு" என்றாள் அத்தை. "வெள்ளக்காரி கால்மாட்டுலே குந்திக்கிட்டா! நான் பேசுறது அவளுக்குப் புரியாது, அவ பேசுறது எனக்குப் புரியாது. அதனாலே சண்டையே வர்றதில்லே."

நான் கிழங்கு தின்பதை ஒருநாள் கூடை சிஸ்டர் பார்த்துவிட்டார். நான் ஓடப் பார்த்தேன். "மென்னு தின்னு, விக்கப் போவுது" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

சண்டையின் கடைசி வருஷம் என்று நினைக்கிறேன். கட்டடம் பட்டாளத்துக்கு வேண்டும், காலி செய்யுங்கள் என்று உத்தரவு வந்தது. மடத்துக்கு மாற்றாகக் காட்டிய இடம் குருபோங் பக்கம் கைவிடப்பட்ட ரப்பர் ஸ்டோர். பால் ஷீட்டுகளைப் புகை போட்டுக் காயவைக்கும் கொட்டகை.

கூடை சிஸ்டர் அந்த முறை கூடை இல்லாமல் தெருவுக்கு வந்தார். எங்கள் வாசலில் நின்றபோது அப்பா தடுப்புப் பலகைக்குப் பின்னால் போய்விட்டார்.

"போற இடத்துலே கூரை பாதிதான் இருக்கும்மா" என்றார் சிஸ்டர். "அவங்கவங்க ஆளு இருந்தா இப்பக் கூட்டிக்கிட்டா நல்லது. நாங்க ஒண்ணும் கேக்க மாட்டோம். ஏன் எதுக்குன்னு ஒரு வார்த்தை கேக்க மாட்டோம்."

அம்மா குழந்தையை இடுப்பு மாற்றிக்கொண்டாள். "எங்க ஆளு யாரும் அங்க இல்லையே சிஸ்டர்."

"சரிம்மா. நல்லா இருங்க."

அவர் போனபிறகு அம்மா அப்பாமேல் பாய்ந்தாள். "உங்க அக்காதானே? நீங்க வந்து சொல்றது. எப்பவும் என்னைய முன்னாலே தள்ளி விடுங்க, பாவத்தை நான் கட்டிக்கிறேன்!"

"நான் என்ன செய்ய? கூட்டியாந்து எதைப் போட?"

"அந்த அட்டை அரிசி யாரோடது?"

குழந்தை அழுதது. அம்மா அதற்குக் கஞ்சி ஊற்ற உட்கார்ந்தாள். பேச்சு அதோடு முடிந்தது. அன்றைக்கு அம்மா இன்னும் கொஞ்ச நேரம் கத்தியிருந்தால் அப்பா போய்க் கூட்டி வந்திருப்பார் என்று பல வருஷம் நினைத்துக்கொண்டிருந்தேன். இப்போது அப்படி நினைப்பதில்லை.

மறுநாளோ அதற்கு அடுத்த நாளோ, காலை வெயிலில், மடமே எங்கள் சாலை வழியாகப் போனது. லோரி கிடையாது. நடக்க முடிந்த கிழவர்கள் ஒருவர் தோளை ஒருவர் பிடித்துக்கொண்டு நடந்தார்கள். முடியாதவர்கள் தள்ளுவண்டிகளில், ரொத்தான் நாற்காலிகளில். கன்னியாஸ்திரிகள்தான் தள்ளினார்கள், தூக்கினார்கள். வெள்ளைக்கார மதர் தலையில் ஒரு பெரிய பானையைச் சுமந்து வந்தார். தெருவே வாசலில் நின்று வேடிக்கை பார்த்தது. கட்டைச் செருப்புகளின் சத்தம் மட்டும்.

அத்தை இருந்த வண்டியைக் கூடை சிஸ்டர் தள்ளி வந்தார். எங்கள் வாசலுக்கு நேரே வந்ததும் நிறுத்தினார். தற்செயலாக நிற்கவில்லை. வேண்டுமென்றே நிறுத்தினார். பின்னால் வந்த வண்டிகளும் நின்றுவிட்டன.

நான் இறங்கப் போனேன். அம்மா என் மணிக்கட்டைப் பிடித்தாள். பிடி எலும்பில் இறங்கியது.

சிஸ்டர் எங்கள் வீட்டைப் பார்க்கவில்லை. குனிந்து அத்தையிடம், எல்லாருக்கும் கேட்கும்படி கேட்டார். "அம்மா, இந்தத் தெருவுலே உங்களுக்கு வேண்டியவங்க யாராச்சும் இருக்காங்களா? இருந்தா சொல்லுங்க. இங்கயே இறக்கி விட்டுடுறேன்."

அப்பா வாசற்படியில் விறகுக் கோடரியோடு நின்றுகொண்டிருந்தார். அத்தைக்குத் தான் எங்கே நிற்கிறோம் என்று தெரிந்திருந்தது. எப்படிச் சொல்கிறேன் என்றால், முகத்தை எங்கள் வீட்டுப்பக்கம் திருப்பாமல் அவ்வளவு கவனமாக எதிர்ப்பக்கம் வைத்திருந்தாள். குழந்தை உள்ளே ஏதோ சத்தம் போட்டது. அவள் தலை லேசாக ஆடி, மறுபடி நின்றுவிட்டது.

"இல்லம்மா" என்றாள். "எனக்கு யாரு இருக்கா? வண்டியத் தள்ளுங்க, வெயிலு ஏறுது."

சிஸ்டர் நிமிர்ந்தார். அப்போதும் தள்ளவில்லை. காத்திருந்தார். எவ்வளவு நேரம் என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. அந்த நேரத்தில் அசைந்த ஒரே ஆள் எதிர்வீட்டுச் செட்டி அம்மாள். ஒரு குவளைத் தண்ணீரோடு சாலையில் இறங்கி, அத்தையின் வாயில் வைத்துக் குடிக்கச் செய்து, தன் தலைத்துண்டால் அவள் மோவாயைத் துடைத்தார். "காசியான், காசியான்" என்றார். ஐயோ பாவம் என்று அர்த்தம்.

வண்டி நகர்ந்தது. அத்தை அப்பாவைத் தூக்கிக்கொண்டு நடந்து வந்த அதே சாலை, எதிர்த்திசையில்.

அப்பா உள்ளே வந்து கோடரியைச் சுவரில் சாய்த்தார். "பாத்தியா, அவங்களே சொல்லிட்டாங்க" என்றார் அம்மாவிடம். ஏதோ பஞ்சாயத்தில் தீர்ப்பு தன் பக்கம் வந்துவிட்டது போல.

பிறகு சண்டை முடிந்தது. வெள்ளைக்காரன் திரும்பி வந்தான். அரிசி கொஞ்சம் கொஞ்சமாக வந்தது, ஜவுளிக் கடை திறந்தது. கடைக்கு வந்த முதல் துணிக்கட்டிலிருந்து அப்பா ஒரு நூல் சேலை வாங்கினார். அரக்கு நிறம். "அக்காவைக் கூட்டியாந்துடுவோம்" என்று என்னையும் சைக்கிளில் முன்னால் உட்காரவைத்துக் குருபோங்குக்கு மிதித்தார். வழியில் பாட்டுக்கூட முணுமுணுத்தார்.

ரப்பர் ஸ்டோர் கன்னங்கரேலென்று இருந்தது. ஷீட் காயப்போடும் மரச் சட்டங்கள்தான் கட்டில்கள். அதில் கிழவர்கள் வரிசையாகப் படுத்திருந்தார்கள். புகைவாடை சுவரை விட்டுப் போகவேயில்லை. கூடை சிஸ்டர் வெளியே வந்தார். ஆள் பாதியாகியிருந்தார்.

அப்பா அத்தையின் பெயரைச் சொன்னார். சிஸ்டர் எங்களைப் பின்பக்கம் கூட்டிப்போனார். ரம்புத்தான் மரத்தடியில் மண்மேடுகள். ஒன்றைக் காட்டினார். தலைமாட்டில் ஒரு கல்லும் ஒரு செம்பருத்திக் குச்சியும் நட்டிருந்தார்கள். குச்சி துளிர்விட்டிருந்தது.

"மழை மாசத்துலே காய்ச்சல் கண்டுச்சு. அவங்களுக்குச் சிலுவை வைக்கலே. அவங்க கேக்கலே, நாங்களும் செய்யலே. தெரிஞ்ச மாதிரி விபூதி பூசி, ஒரு தேங்காய் உடைச்சு வச்சோம்."

பக்கத்து மேட்டில் ஒரு மரச் சிலுவை இருந்தது. அப்பா அதையே பார்த்தார்.

"அது எங்க மதர்" என்றார் சிஸ்டர். "அடுத்த வாரமே போயிட்டாங்க."

கொட்டகை வேலையாள் ஒருவன் மண்வெட்டியோடு வந்து நின்றான். அந்நிய ஆள். எங்களை யாரென்றே தெரியாதவன். "ஐயா அந்த அம்மாவுக்கு என்ன வேணும்?" என்று கேட்டான்.

அப்பாவின் கையில் சேலைப் பொட்டலம் இருந்தது. நான் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன். இப்போது சொல்லிவிடுவார் என்று நினைத்தேன். இனி யாருக்குப் பயப்பட வேண்டும்?

"தெரிஞ்சவங்க" என்றார் அப்பா.

சிஸ்டர் தலையை ஆட்டினார். "தெரிஞ்சவங்களாவது வந்தீங்களே" என்றார். குத்திச் சொன்னதாக எனக்குப் படவில்லை. அதுதான் இன்னும் மோசம்.

சேலையை அவரிடம் கொடுக்கவும் இல்லை. திரும்பக் கொண்டுவந்து அம்மாவிடம் கொடுத்தார். அம்மா அதைத் தீபாவளிக்குக் கட்டினாள்.

நாங்கள் குருபோங்கிலிருந்து திரும்பிய அன்று சாயங்காலம் எதிர்வரிசை வீட்டுத் தமிழர்கள் இரண்டு மூன்று பேர் துக்கம் கேட்க வந்தார்கள். செமாபோக் பேச்சை ஒருவரும் எடுக்கவில்லை. அப்பா தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தார். பிறகு மெதுவாக, "சிலுவை வச்சுப் புதைச்சிட்டாங்கய்யா" என்றார். கேட்டவர்கள் பதறினார்கள். அவர்கள் பதறியதும் அப்பாவுக்குக் குரல் வந்தது. மடத்துக்காரர்கள் நயமாகப் பேசிக் கூட்டிப்போனது, பார்க்கவே விடாதது, மதம் மாற்றியது, தான் சேலையோடு போய்க் கதறியது என்று ஒவ்வொன்றாக வந்தது. தள்ளுவண்டி வாசலில் நின்றதைப் பார்த்தவர்கள்தாம் அவர்கள். எல்லாரும் ஆமாம் ஆமாம் என்றார்கள். அவரவர் வீட்டுக்கும் அந்தக் கதை தேவையாக இருந்தது.

கொஞ்ச நாளில் மடம் பழைய இடத்துக்குத் திரும்பியது. கூடை சிஸ்டரும் தெருவுக்கு வந்தார். பக்கத்து வீட்டுக்காரி அவரை வழிமறித்தாள். "ஏன் சிஸ்டர், பசிக்கு வந்த பொம்பளைக்குச் சிலுவை வச்சுட்டீங்களாமே? இது ஞாயமா?"

அப்பா உள்ளே இருந்தார். இருமல் சத்தம் கேட்டது.

சிஸ்டர் எங்கள் வாசலை ஒருதரம் பார்த்தார். ஒரே ஒரு வார்த்தை போதும். அவர் சொல்லவில்லை. "நல்லா இருங்கம்மா" என்று நகர்ந்தார். பிற்காலத்தில் நான் இதைச் சொல்லிக் கேட்ட ஓரிருவர், என்ன பெருந்தன்மை என்றார்கள். எனக்கு அப்படிச் சொல்ல மனம் வரவில்லை. அவர் வாய் திறந்திருந்தால் எங்கள் அப்பாவின் மானம் போயிருக்கும். அவ்வளவுதான். திறக்காததால் உள்ளே கிடந்த கிழவர்களின் வயிறு காய்ந்தது.

தமிழ் வீடுகளில் அதற்குப் பிறகு யாரும் அந்தக் கூடையில் ஒன்றும் போடவில்லை. அவர் வருவதை நிறுத்தவும் இல்லை. வாரம் தவறாமல் ஒவ்வொரு வாசலிலும் நின்று, நல்லா இருங்க என்று சொல்லி, வெறுங்கூடையோடு அடுத்த வாசலுக்குப் போனார். எங்கள் சாலையில் எதிர்வீட்டுச் செட்டி அம்மாள் மட்டும் இரண்டு கையாலும் அரிசி அள்ளிப் போட்டார். அவருக்குத் தமிழ் தெரியாது.